'கட்' சொன்ன பிறகும்

கேமராவை விற்றுவிட்டேன். முழங்கால் இரண்டும் பேசத் தொடங்கிவிட்ட பிறகு அதை வீட்டில் வைத்துத் துடைத்துக்கொண்டிருப்பதில் அர்த்தமில்லை. வாங்கியவர் அதை நன்றாகத்தான் வைத்திருக்கிறார் என்று கேள்வி. நான் போய்ப் பார்க்கவில்லை.

பினாங்கில் சொந்த முயற்சியில் படம் எடுக்கும் இளைஞர்கள் சிலர் ஒரு மலர் போடுகிறார்கள். தொழில் அனுபவம் எழுதித் தரச் சொன்னார்கள். அவர்களில் ஒருத்தி, நல்ல விவரமான பெண், கூடவே ஒரு கேள்வியும் அனுப்பியிருந்தாள். பிணமாக நடிப்பவரைக் காட்சி முடிந்ததும் எழுப்பி உட்கார வைத்து, சிரிக்கச் சொல்லி, அதையும் நான் பதிவு செய்வேனாமே, எதற்கு? இப்போதெல்லாம் பிணத்தையே கம்ப்யூட்டரில் செய்துவிடலாம், யாரும் படுக்கத் தேவையில்லை, அப்புறம் யாரை எழுப்புவீர்கள் என்றும் கேட்டிருந்தாள். நியாயமான கேள்வி. பதிலைக் கைத்தொலைபேசியிலேயே பேசி அனுப்பிவிடலாம் என்று ஆரம்பித்தேன். அது அனுமார் வால் மாதிரி நீண்டுகொண்டே போயிற்று. அதனால் எழுத உட்கார்ந்தேன்.

நான் தொழில் படித்த கதையில் பெரிதாக ஒன்றுமில்லை. சூலியா தெருவில் என் அத்தாவுக்கு நாசி கண்டார் என்கிற கறிச்சோற்றுக் கடை. கறி அள்ளப் பிடிக்காமல் அடுத்த தெரு போட்டோ ஸ்டூடியோவில் போய் நின்றேன். அங்கே கல்யாண வீடியோ எடுத்தேன். பிறகு கோலாலம்பூரில் மலாய் நாடகங்களுக்குக் கேமரா தூக்கினேன், லென்ஸ் மாட்டினேன், நடிகர் நகர நகர ஃபோகஸ் இழுத்தேன். கல்யாண வீடுதான் என் கல்லூரி. தாலி கட்டும் நேரத்தில் யாரிடமும் இன்னொரு தடவை கட்டச் சொல்ல முடியாது. அந்தப் பயம் கற்றுக்கொடுத்ததை வேறு எதுவும் கற்றுக்கொடுக்கவில்லை.

அதற்குப் பிறகுதான் சுகுமாரன் அண்ணனிடம் சேர்ந்தேன். பிறையில் ஒரு தொழிற்சாலையில் சூப்பர்வைசர். ஆண்டு விடுப்பையெல்லாம் சேர்த்து வைத்துக்கொண்டு படம் எடுப்பார். இயக்குநர் என்றதும் தொப்பியும் சத்தமும் நினைவுக்கு வருமே, அவரிடம் இரண்டும் கிடையாது. நாற்காலி போட்டாலும் உட்காராமல் கேமராவுக்குப் பக்கத்தில் குந்தியிருப்பார். நடிகரிடம் சொல்ல வேண்டியதைக் காதோடு சொல்லிவிட்டு வருவார், எங்களுக்குக் கேட்காது. எடுத்தது பிடிக்கவில்லை என்றால், "நல்லாருக்கு" என்பார். மறுபடியும் மறுபடியும் எடுக்கப் போகிறோம் என்று அர்த்தம். நிஜமாகவே பிடித்துவிட்டால் ஒரு வார்த்தை பேசாமல் எழுந்து சிகரெட் பிடிக்கப் போய்விடுவார். அவர் எழுந்து போகிற முதுகைப் பார்ப்பதற்காகத்தான் நாங்கள் எல்லோரும் உழைத்தோம்.

அவரோடு செய்த முதல் படம் ஃபிலிம் சுருளில் எடுத்தது. கதையில் ஒரு மளிகைக்கடைக்காரர் இறந்துபோவார். காட்சி முடிந்து அண்ணன் 'கட்' என்றார். நான் நிறுத்தக் கை வைத்தேன். அவர் என் தோளைத் தொட்டு, "ஓட விடு காதர்" என்றார். பிறகு படுத்திருந்தவரைக் கதாபாத்திரத்தின் பெயரைச் சொல்லாமல் சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். அந்த மனிதர் எழுந்து உட்கார்ந்து, தாடைக்கட்டை அவிழ்த்துவிட்டு, லென்ஸைப் பார்த்து, "இருக்கேண்ணே" என்று சிரித்தார். அதன் பிறகே நிறுத்தச் சொன்னார். ஃபிலிமைச் சொட்டுச் சொட்டாகச் செலவழித்த காலம் அது. தயாரிப்பாளரின் முகம் சுருங்கிவிட்டது. ஒரு மனுசனைப் படுக்கப் போட்டு, மாலை போட்டு, நாலு பேரை அழவிட்டுவிட்டு அப்படியே விட்டுவிட்டுப் போகக் கூடாது, கேமரா கடைசியாகப் பார்த்தது உயிரோடு இருக்கிற ஆளாக இருக்கணும் என்று அண்ணன் அவருக்குப் பதில் சொன்னார். சினிமாவில் இது பழைய பழக்கம்தான். சொந்தப் பெயர் சொல்லிக் கூப்பிடுவது அண்ணனே சேர்த்துக்கொண்டது.

நான் ஐந்து வேளை தொழுகிறவன். உயிர் கொடுப்பதும் எடுப்பதும் யார் கையில் என்பதில் எனக்குச் சந்தேகம் கிடையாது. ஒரு முறை ஒரு நடிகர், முறையாக நாடகப் பயிற்சி எடுத்தவர், பாத்திரத்திலிருந்து அப்படிச் சட்டென்று வெளியே வர முடியாது என்று சொல்லிச் சிரிக்க மறுத்துவிட்டார். அவர் இன்று கிள்ளானில் இன்சூரன்ஸ் விற்றுக்கொண்டு என்னைவிட ஆரோக்கியமாக இருக்கிறார். ஆகவே அந்தச் சிரிப்பு யாருடைய ஆயுளையும் கூட்டும் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் அவரைத் தவிர வேறு எந்தப் பிணக் காட்சியிலும் சிரிப்பு வரும் முன்னால் நான் கேமராவை நிறுத்தியதில்லை. எடுத்ததை யாருக்காவது போட்டுக் காட்டும்போதும் சிரிப்பு வரை ஓடவிட்ட பிறகே அணைப்பேன். அண்ணனே மறந்தாலும் நான் மறக்க மாட்டேன். எனக்காகக் கண்ணை மூடிப் படுத்தவருக்கு நான் செய்கிற மரியாதை அது.

பிணக் காட்சி எடுப்பது லேசான வேலை இல்லை. உயிரோடு இருப்பவர் உடம்பு சும்மா இருக்காது. கண்ணை மூடினால் இமை துடிக்கும். மூடிய இமைக்குள்ளேயே கால் விரல்களைப் பார்ப்பது போல விழியைக் கீழே இறக்கச் சொன்னால் துடிப்பு அடங்கும். மூச்சை நெஞ்சால் இழுக்காமல் வயிற்றால் இழுக்கச் சொல்ல வேண்டும். வயிற்றின் மேல் மாலையைக் குவித்து வைத்தால் ஏறி இறங்குவது தெரியாது. காற்றாடியை நிறுத்த வேண்டும், இல்லையென்றால் முடி பறக்கும். நிறுத்தினால் வேர்க்கும், பிணம் வேர்க்கக் கூடாது. கேமராவைத் தரையோடு இறக்கி, தலைமாட்டு விளக்கின் வெளிச்சம் நெற்றியில் மட்டும் படும்படி வைத்து, மற்றதை நிழலுக்கு விட்டுவிடுவேன். நம்மவர்களின் கறுத்த முகத்தில் வெளிச்சத்தை வாரிக் கொட்டினால் மாவு பூசியது போல ஆகிவிடும். நிழலில் விட்டால்தான் அந்த முகத்தின் நிறமே தெரியும்.

இதிலெல்லாம் என்னைச் சோதித்துப் பார்த்த இடம் சுங்கை பாக்காப். எண்ணெய்க்கு வளர்க்கும் செம்பனைத் தோட்டத்தை ஒட்டிய ஒரு பலகை வீடு. படம் முழுவதும் ஒரு சாவு வீட்டில் ஒரே நாளில் நடக்கிற கதை. வீட்டுக்காரர் வீரையா, பிறையில் லோரி ஓட்டி ஓய்வு பெற்றவர். அகலமான முகம், அடர்ந்த புருவம், வாயைத் திறந்தால் கேலி. வீடு பார்க்கப் போன சுகுமாரன் அண்ணன் வீட்டைப் பார்க்கவே இல்லை, அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். காரில் திரும்பும்போது, பிணம் கிடைத்துவிட்டது என்றார்.

வீரையாவுக்கு ஒரே குஷி. அவர் மனைவி பார்வதி அக்காதான் மலையாக நின்றார். வீட்டைத் தருகிறேன், ஆளைத் தர மாட்டேன் என்றார். சிங்கப்பூரில் வேலை பார்க்கும் இரண்டு மகள்களும் தொலைபேசியில் அம்மா பக்கம் சேர்ந்துகொண்டார்கள். வீரையா மனைவியைக் கெஞ்சினார், கோபித்துக்கொண்டார், கடைசியில் சாப்பிடாமல் உட்கார்ந்துவிட்டார். வேறு வழியில்லாமல் அக்கா சம்மதித்தார், நிபந்தனைகளோடு. அவர் வீட்டு விளக்கை ஏற்றக் கூடாது, நாங்கள் கொண்டுவந்த விளக்குதான். கால் கட்டைவிரலைக் கட்டக் கூடாது. அழுகிற மனைவியாக அவர் உட்கார மாட்டார், அதற்கு வேறு ஆள். முடிந்ததும் எழுப்பிச் சிரிக்க வைப்பார்களாமே, அதைக் கேமரா பக்கத்தில் நின்று தன் கண்ணால் பார்க்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக ஒன்று இருந்தது.

"சாவுக்கு வைக்கிற திசையில அவரு தலையை வைக்கக் கூடாது பாய். தூங்கறப்ப வைக்கிற மாதிரி வச்சுப் படுக்கட்டும். அவ்ளோதான் நான் சொல்லுவேன்."

படம் பார்க்கிறவருக்குத் திசையா தெரியப் போகிறது என்று அண்ணன் உடனே ஒத்துக்கொண்டார். கஷ்டப்பட்டது நான். அந்தக் கூடத்துக்கு ஒரே ஒரு பெரிய ஜன்னல். அக்கா சொன்னபடி படுத்தால் ஜன்னல் கால்மாட்டில் வந்துவிடும். கீழேயிருந்து வெளிச்சம் அடித்தால் முகம் பேய் மாதிரி இருக்கும். போதாததற்கு வெளியே செம்பனை. அந்த ஓலைகளில் பட்டு உள்ளே வரும் வெயில் பச்சையாக இருக்கும், மனித முகத்தில் விழுந்தால் பாசி பிடித்தது போலத் தெரியும். ஜன்னலைக் கறுப்புத் துணியால் பாதி அடைத்தேன். பின்வாசலைத் திறந்து, வெளியே துணி காயப்போடும் கம்பியில் வெள்ளைப் படுக்கை விரிப்புகளைத் தொங்கவிட்டு, அதில் பட்டுத் திரும்பும் வெயிலைக் கூடத்துக்குள் வாங்கினேன். விரிப்புகளைக் கொடுத்தது பார்வதி அக்காதான். எதற்கு என்று தெரிந்திருந்தால் அதையும் கொடுத்திருக்க மாட்டார்.

காட்சியை நிறுத்தாமல் ஒரே மூச்சில் எடுத்தோம். கேமரா வீரையாவின் பக்கவாட்டில், தரையோடு. தலை முதல் பாதம் வரை அவர் முழுதாகத் தெரிய, சுற்றிலும் பெண்கள் அழுகிறார்கள், ஒவ்வொருவராக வந்து மாலை போடுகிறார்கள். வீரையா நிறுத்திவைத்த லோரியைப் போல அசையாமல் கிடந்தார். அண்ணன் 'கட்' சொல்லிவிட்டு, "வீரையாண்ணே" என்று கூப்பிட்டார். பதில் இல்லை. இன்னொரு முறை கூப்பிட்டார். அசைவில்லை. என் பக்கத்தில் நின்ற பார்வதி அக்கா என் முழங்கையைப் பிடித்தார். பிடி இறுகியது. பிறகு விட்டுவிட்டு ஓடிப் போய்க் கணவரின் தோளைப் பிடித்து உலுக்கினார். வீரையா ஒரு கண்ணை மட்டும் திறந்து, "இருக்கேன்டி, எங்க போயிடப் போறேன்" என்று சொல்லிச் சிரித்தார், சிரித்துக்கொண்டே எழுந்து உட்கார்ந்தார். அக்கா அவர் முதுகில் ஓர் அடி வைத்தார், பிறகு அவரே சிரித்துவிட்டார். அத்தனையும் பதிவாயிற்று. திரும்பிப் பார்த்தால் சுகுமாரன் அண்ணனைக் காணவில்லை. வெளியே சிகரெட் புகை தெரிந்தது.

படம் நாலைந்து திரைப்பட விழாக்களுக்குப் போனது. ஒன்றில் என் வேலையைப் பற்றி நல்லதாக இரண்டு வார்த்தை பேசினார்கள். வீரையா அந்தப் பகுதியில் பெரிய நடிகராகிவிட்டார். பாசார் சந்தையில் மீன் வாங்கப் போனாலும், செத்தவருக்கு எதற்கு மீன் என்று கேட்பார்களாம். அவரும் சளைக்காமல் பதில் கொடுப்பாராம்.

பிறகு கொரோனா வந்தது. அது முதலில் பார்வதி அக்காவுக்கு, பிறகு வீரையாவுக்கு. அக்கா வீட்டில் அடைந்து கிடந்தார். வீரையாவை ஆம்புலன்ஸில் ஏற்றிக்கொண்டு போனார்கள். ஏறும்போது கையாட்டிவிட்டுப் போனாராம். ஆஸ்பத்திரியிலிருந்து அவர் நேராகத் தகனத்துக்குப் போனார். அக்காவுக்கு வெளியே வர அனுமதி இல்லை. சிங்கப்பூர் எல்லை மூடியிருந்ததால் மகள்களும் வர முடியவில்லை. உறவுக்காரர் ஒருவர் தூரத்தில் நின்று பார்த்துவிட்டு வந்தார். வாயில் அரிசி போடவில்லை, முகம் பார்க்கவில்லை. எனக்கு விஷயமே தாமதமாகத்தான் தெரிந்தது. அக்காவிடம் போனில் என்ன பேசுவது என்று தெரியாமல் ஏதோ பேசி வைத்தேன். அன்று எனக்கு அழுகை வந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை.

எல்லை திறந்து மகள்கள் வந்து சேர்ந்த பிறகு ஒரு நாள் அக்கா என்னைப் போனில் கூப்பிட்டார். அன்றைக்கு எடுத்ததெல்லாம் முழுதாக இருக்கிறதா என்று கேட்டார். இருக்கிறது, சிரிக்கிற பகுதியைத் தனியாக வெட்டி அழகாகச் செய்து அனுப்புகிறேன் என்றேன்.

"சிரிக்கிறது இல்ல பாய். படுத்திருக்கிறது."

அவரே மேலே சொன்னார்.

"ஆஸ்பத்திரிக்குப் போனவரு வீட்டுக்குத் திரும்பி வரவே இல்ல. சட்டியில சாம்பலாத்தான் வந்தாரு. என் கூடத்துல மாலையோட அவரு படுத்திருந்தது அந்த ஒரு நாளுதான் பாய். பிள்ளைங்க அப்பாவைப் பார்த்து அழணும். நானும் அழணும்லா."

போனை வைத்த பிறகு எனக்கு நிலைகொள்ளவில்லை. நடிப்பு என்று சொல்லி அவரைப் படுக்க வைத்தது நாங்கள். அதை நிஜமாக்கி அவர் வீட்டிலேயே போட்டுக் காட்டுவதா? சுகுமாரன் அண்ணனைக் கூப்பிட்டுக் கேட்டேன். "அது நம்ம படம் இல்ல காதர். அவங்க வீட்டுச் சாவு. கொண்டு போய்க் கொடு" என்றார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் ப்ரொஜெக்டரைக் காரில் போட்டுக்கொண்டு பினாங்குப் பாலத்தைக் கடந்து போனேன். கூடத்தின் ஜன்னலைக் கம்பளியால் அடைத்திருந்தார்கள். மகள்கள், மருமகன்கள், அக்கம்பக்கத்துப் பெண்கள் எல்லோரும் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். சிலர் மாலை கொண்டுவந்திருந்தார்கள். பார்வதி அக்கா தன் வீட்டு விளக்கைத் துலக்கி ஏற்றி வைத்திருந்தார். வாசலுக்கு எதிர்ச்சுவர் நல்ல வெள்ளையாக இருந்ததால் படம் அதில் விழும்படி கருவியை வைத்தேன். வீரையா சுவரின் அடியில், நிஜ அளவுக்கே, படுத்த நிலையில் தெரிந்தார்.

அக்கா பார்த்தார். "தலை மாறியிருக்கு பாய்" என்றார்.

முதலில் புரியவில்லை. தூங்குகிற திசையில் தலை வைத்து எடுத்தது அவர் சொன்னதால்தானே என்று வாய் வரை வந்தது. அதற்குள் அவரே பக்கத்துச் சுவரைக் காட்டினார். படம் அதில் விழுந்தால் தலை சாவுக்கு வைக்கிற திசைக்கு வரும். அங்கே ஓர் அலமாரி நின்றது. மருமகன்கள் இருவரும் அதை நகர்த்தினார்கள். எத்தனையோ இயக்குநர்கள் என்னிடம் விளக்கைத் தள்ளி வை, கேமராவைத் தூக்கு என்று சொல்லியிருக்கிறார்கள். திரையில் இருப்பவரின் தலை எந்தத் திசையில் விழுகிறது என்று யாரும் கேட்டதில்லை. கருவியைத் திருப்பி வைத்து, அவர் தரையோடு படுத்திருப்பது போலத் தெரியும்படி சரிசெய்தேன்.

ஓடவிட்டதும் படத்தில் மனைவியாக நடித்த பெண்ணின் ஒப்பாரி பெரிதாகக் கேட்டது. அக்கா என் பக்கம் திரும்பினார். "அந்தப் பொண்ணு அழுவறது வேணாம் பாய். நாங்க இருக்கோம்."

சத்தத்தை அணைத்தேன். சின்ன மகள் "அப்பா" என்றாள். அதோடு எல்லாம் உடைந்தது. பெரியவள் சுவரோரம் போய் விழுந்தாள். படத்தில் ஒரு பெண் வந்து மாலை போட, கூடத்திலிருந்த பெண்களும் எழுந்து போய்ச் சுவரின் அடியில் மாலை வைத்தார்கள். பார்வதி அக்கா கணவரின் முகம் இருந்த இடத்துக்கு நேரே உட்கார்ந்து, மார்பில் அடித்துக்கொண்டு அழுதார். லோரி ஓட்டியதை, கடன் வாங்கி வீடு கட்டியதை, கையாட்டிவிட்டுப் போனதைச் சொல்லிச் சொல்லி அழுதார். நான் கருவிக்குப் பின்னால் நின்றேன். அவ்வளவு பெரிதாகப் பார்த்தபோது மாலை மெல்ல ஏறி இறங்குவது எனக்குத் தெரிந்தது. மற்றவர்களுக்கும் தெரிந்திருக்கும். யாரும் ஒன்றும் சொல்லவில்லை.

'கட்' எந்த இடத்தில் வரும் என்று எனக்குத் தெரியும். அது நெருங்கியது. அக்கா பக்கத்தில் போய்க் குனிந்து, இன்னும் கொஞ்ச நேரத்தில் அவர் எழுந்துவிடுவார் என்று சொன்னேன்.

"தெரியும் பாய். அதுக்கு முன்ன நிப்பாட்டிடுங்க."

சிரிப்பது வரை ஓடட்டுமே, உங்களுக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருக்குமே என்றேன். என் பழக்கம் என்னைப் பேச வைத்தது. அக்கா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"இன்னிக்கு அவரு எந்திரிச்சிட்டா, மறுபடியும் நான் அவரை எப்படி அனுப்புவேன்?"

திரும்பி வந்து நிறுத்தினேன். படம் உறைந்து, வீரையா சுவரில் படுத்தபடியே இருந்தார். அக்கா எழுந்து, படத்தின் கால்மாட்டுக்குப் போய், பாதத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். மகள்களும் தொட்டார்கள். பிறகு அக்கா என்னைப் பார்த்துத் தலையசைத்தார்.

பொத்தானை அழுத்தி அணைக்க எனக்கு மனம் வரவில்லை. அப்படி அணைத்தால் வெடுக்கென்று போய்விடும். லென்ஸின் முன்னால் கையைக் கொண்டு போய், காலிலிருந்து தலை வரைக்கும் மெதுவாக மூடினேன். கூடம் இருண்டது. பெண்களின் அழுகை உயர்ந்து, கொஞ்சம் கொஞ்சமாகத் தணிந்தது. பெரிய மருமகன் ஜன்னலில் மாட்டியிருந்த கம்பளியைக் கழற்றினார். பார்வதி அக்கா மகள்களை அழைத்துக்கொண்டு, தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொள்ளப் பின்பக்கம் போனார்.